ஆறு மாசம் கண்டிப்பா காத்திருக்கணுமா?

போன வாரம் காசிமேட்டுல என்கூட ஸ்கூல்ல படிச்ச தோழி ஒருத்தி போன் பண்ணா. கல்யாணமாகி நாலு வருஷம். கடைசி ரெண்டு வருஷமா பொண்ணோட அம்மா வீட்டுலதான் இருக்கா. பிரியறதுன்னு ரெண்டு பேரும் பேசி முடிச்சுட்டாங்க. ஆனா அவர் வீட்டுல, "கோர்ட்டுக்குப் போனா இன்னும் ஆறு மாசம் இழுக்கும். பத்திரத்துல எழுதிக் கையெழுத்துப் போட்டா போதும்"னு சொல்றாங்களாம். அவருக்கு அடுத்த வரன் பார்த்தாச்சு. "என்னடா பண்றது?"ன்னு கேட்டா.

நான் வக்கீல் இல்ல, கோடு எழுதற ஆளு. ஆனா சட்டப் பிரிவையும் தீர்ப்புகளையும் உட்கார்ந்து படிச்சேன்.

இந்து திருமணச் சட்டம் 1955-ல வந்தப்போ, ரெண்டு பேரும் சம்மதிச்சுப் பிரியற வழியே அதுல இல்ல. 1976 திருத்தத்துலதான் 13-பி பிரிவு சேர்ந்தது. அதுல ரெண்டு காத்திருப்பு இருக்கு. பலரும் இதை ஒண்ணுன்னு நினைச்சுக் குழப்பிக்கிறாங்க.

முதல் காத்திருப்பு மனு போடறதுக்கு முன்னாடி. குறைஞ்சது ஒரு வருஷம் பிரிஞ்சு வாழ்ந்திருக்கணும். அதுக்குத் தனி வீடு எடுக்கணும்னு இல்ல. ஒரே கூரைக்குக் கீழ இருந்தாலும் கணவன் மனைவியா வாழலைன்னா அது பிரிவுதான்னு 1991-ல சுரேஷ்டா தேவி வழக்குல உச்ச நீதிமன்றம் சொல்லிடுச்சு. இன்னொரு வீட்டுக்கு அட்வான்ஸ் கொடுக்க வழியில்லாதவங்களுக்கு இது பெரிய விஷயம்.

ரெண்டாவது காத்திருப்பு மனு போட்ட பிறகு. ஆறு மாசம் கழிச்சு, 18 மாசத்துக்குள்ள, ரெண்டு பேரும் மறுபடி வந்து "இப்பவும் விவாகரத்து வேணும்"னு சொல்லணும்.

இது இந்து சட்டம். ராயபுரத்துல பக்கத்து வீட்டுல இருக்கிற கிறிஸ்தவத் தம்பதிக்குச் சட்டம் வேற. அதுல 2001-ல சேர்த்த 10-ஏ பிரிவுல பிரிஞ்சு வாழற காலம் ரெண்டு வருஷம்னு எழுதியிருக்கு.

சரி, அந்த ஆறு மாசம் எதுக்கு? மனசு மாறினா திரும்பச் சேர ஒரு அவகாசம். ஆனா சேர வாய்ப்பே இல்லாதவங்களை எதுக்கு நிறுத்தி வைக்கணும்? 2017 செப்டம்பர் 12-ல வந்த அமர்தீப் சிங் வழக்குத் தீர்ப்பு இதுக்குத்தான் பதில் சொல்லுச்சு. எங்க பாஷையில சொன்னா, ஆறு மாசம் ஹார்ட்கோடு இல்ல, டீஃபால்ட். குடும்ப நல நீதிபதி அதைத் தள்ளுபடி செய்யலாம். அதுக்கு அவர் பார்க்கிறது நாலு விஷயம்:

1. மனு போடறதுக்கு முன்னாடியே ஒன்றரை வருஷப் பிரிவு முடிஞ்சிருக்கணும்.
2. சமரச முயற்சி எல்லாம் தோத்திருக்கணும்.
3. ஜீவனாம்சம், குழந்தை, மத்த கொடுக்கல் வாங்கல் எல்லாம் உண்மையாவே பேசித் தீர்ந்திருக்கணும்.
4. இன்னும் காத்திருந்தா வேதனைதான் நீளும்னு தெரியணும்.

முதல் மனு போட்டு ஒரு வாரத்துல இதுக்குத் தனி மனு போடலாம். ஆனா தள்ளுபடி தானா கிடைக்காது, முடிவு நீதிபதி கையில.

இப்போ அந்தப் பத்திர விஷயம். ஒரு சமூகத்துல காலங்காலமா விவாகரத்து வழக்கம் இருந்தா, 29-ஆவது பிரிவு அதை ஏத்துக்குது. ஆனா அந்த வழக்கத்தைக் கோர்ட்டுல நிரூபிக்கணும். வெறும் ஸ்டாம்ப் பேப்பர் கல்யாணத்தை முறிக்காது. அதை நம்பி அவர் இன்னொரு கல்யாணம் பண்ணா அது செல்லாது.

தோழிக்கு முதல், ரெண்டாவது, நாலாவது விஷயம் மூணும் சரியா இருக்கு. இடிக்கிறது மூணாவதுதான். அவளோட பத்து சவரன் நகை இன்னும் அவர் வீட்டுலதான் இருக்கு. "அப்புறம் தர்றோம்"னு வாய்வார்த்தை. பொண்ணோட படிப்புச் செலவு பத்திப் பேச்சே இல்ல.

நான் சொன்னது இதுதான்: "ஆறு மாசத்தைக் குறைக்கலாம். ஆனா நகையும் பொண்ணு செலவும் எழுத்துல வராம மனுவுல கையெழுத்துப் போடாத. இன்னொண்ணு, தீர்ப்பு வர்ற வரைக்கும் யார் வேணா சம்மதத்தை வாபஸ் வாங்கலாம். அவர் மட்டுமில்ல, நீயும்தான்."

பெண்களுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச சட்ட உதவி உண்டு. 15100-க்கு போன் பண்ணுங்க. அவளும் பண்ணியிருக்கா. அவர் வீட்டுல எவ்வளவு அவசரப்படுத்தினாலும், நகை வந்த பிறகுதான் மனுன்னு சொல்லிட்டாளாம்.