சூட்டில் ஒளியும் கோடு

துணியை வெட்டுவதற்கும் தைப்பதற்கும் முன்னர் அதன்மேல் இடப்படும் குறி, வேலை முடியும்வரை தெளிவாகத் தெரிய வேண்டும். வேலை முடிந்த பின்னரோ அங்கே ஒரு கோடு இருந்ததென்றே எவருக்கும் தோன்றக் கூடாது. ஒன்றுக்கொன்று முரணான இவ்விரு தேவைகளையும் ஒருங்கே நிறைவேற்றும் பொருளைத் தேடுவது தையற்கலையின் மிகப் பழைய சிக்கல்களுள் ஒன்றாகும். தையல் சாக்கின் கோடு கை பட்டால் கலைந்துவிடுகிறது. பென்சில் கோடு சலவைக்குப் பின்னும் எஞ்சி நிற்கிறது. சாதாரணப் பேனாவின் மையோ துணியின் இழைக்குள் ஊறி அதனுடனேயே தங்கிவிடுகிறது. இஸ்திரிப் பெட்டியின் சூடு பட்டதும் மறையும் மை நிரப்பிய பேனா, இச்சிக்கலுக்கு அண்மைக் காலத்தில் கிடைத்துள்ள விடைகளுள் ஒன்று.

தமிழகத்தின் பிற சிறுநகரங்களைப் போலவே விழுப்புரத்திலும் திண்டிவனத்திலும் தையற்கலை பெரும்பாலும் வீட்டை ஒட்டிய தொழிலாகவே நடைபெறுகிறது. அண்மை ஆண்டுகளில் திருமண ரவிக்கைகளுக்கான ஆரி வேலைப்பாடு அதனுடன் இணைந்து வளர்ந்துள்ளது. சட்டத்தில் இழுத்துக் கட்டிய துணியின்மேல், கொக்கிமுனை கொண்ட ஊசியால் நூலையும் சரிகையையும் மணிகளையும் கோத்துச் செய்யும் ஆரி வேலையில், குறியிடும் வழக்கமான முறை தனித்தன்மை உடையது. டிரேசிங் பேப்பரில் வரைந்த பூவின் கோடுகள் நெடுக ஊசியால் நெருக்கமாகத் துளையிட்டு, அத்தாளைத் துணியின்மேல் விரித்து, மண்ணெண்ணெயில் குழைத்த துத்தநாக ஆக்சைடுப் பொடியை அதன்மேல் தேய்த்தால், துளைகளின் வழியே இறங்கிய பொடி துணியில் வெண்புள்ளிக் கோலமாகப் படிந்துவிடும். வெளிர்நிறத் துணியாயின் பொடியுடன் நீலம் கலக்கப்படுகிறது. ஒரே வடிவத்தைப் பல துணிகளில் இடுவதற்கு இம்முறையே இன்றும் சிறந்தது. எனினும், அளவெடுத்து ஒரே ஒருமுறை வரைய வேண்டிய கழுத்துக் கோடு, டார்ட் எனப்படும் மடிப்புத் தையலின் முனை, புள்ளி அழிந்த இடத்தில் செய்ய வேண்டிய சிறு திருத்தம் ஆகியவற்றுக்குக் கையில் பிடித்து வரையும் ஒரு முனை தேவைப்படுகிறது.

அம்முனையாக இன்று பயன்படும் பேனா துணிக்காக உருவாக்கப்பட்டதன்று. ஜப்பானின் பைலட் நிறுவனம் 1970களில் கண்டறிந்த வெப்பநிறமாற்ற மை, அதாவது வெப்பநிலைக்கு ஏற்ப நிறம் மாறும் மை, தொடக்கத்தில் சில டிகிரி இடைவெளியிலேயே நிறம் மாறித் திரும்பிவிட்டதால் எழுதுவதற்குப் பயன்படவில்லை. எழுதிய எழுத்து அன்றாடத் தட்பவெப்பத்தில் நிலைத்திருக்கவும், அழித்த எழுத்து அதே தட்பவெப்பத்தில் மீளாதிருக்கவும் அவ்விடைவெளியை விரிப்பதற்கு ஏறத்தாழ 30 ஆண்டு ஆய்வு தேவைப்பட்டது. அதன் பயனாகிய ஃப்ரிக்‌ஷன் பேனா 2006இல் ஐரோப்பாவிலும் 2007இல் ஜப்பானிலும் விற்பனைக்கு வந்தது. உராய்வைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லே அதன் பெயர். பேனாவின் கடைமுனையிலுள்ள ரப்பரைத் தாளில் தேய்க்கும்போது பிறக்கும் உராய்வு வெப்பமே எழுத்தை அழிக்கிறது. தாளில் ரப்பர் செய்யும் வேலையைத் துணியில் இஸ்திரிப் பெட்டி செய்யும் என்பதைக் கண்டுகொண்டவர்கள் தையற்கலைஞர்கள்.

இம்மையின் நிறத்துகள் ஒவ்வொன்றும் சில மைக்ரான் அளவே உள்ள ஒரு நுண்ணுறை. மனிதத் தலைமயிரின் தடிமன் அதனைப்போல் பன்மடங்கு பெரிது. அவ்வுறைக்குள் மூன்று பொருள்கள் அடைக்கப்பட்டுள்ளன. முதலாவது லூக்கோ சாயம்; தனித்திருக்கையில் நிறமற்றதும், தக்க துணை கிடைத்தால் மட்டுமே நிறம் பெறுவதுமான சாயவகை இது. இரண்டாவது, அத்துணையாக அமைந்து சாயத்தின் மூலக்கூற்று அமைப்பை மாற்றி நிறத்தை வெளிப்படுத்தும் மென்மையான அமிலப்பொருள். இதனை நிறந்தூண்டி எனலாம். மூன்றாவது, இவ்விரண்டின் உறவையும் ஆளும் மெழுகு போன்ற கொழுப்புப் பொருள். கொழுப்பு உறைந்திருக்கும்வரை சாயமும் நிறந்தூண்டியும் இணைந்திருப்பதால் கோடு தெரிகிறது. ஏறத்தாழ 60 டிகிரி செல்சியசில் கொழுப்பு உருகியதும் நிறந்தூண்டி சாயத்தை விட்டு விலகிவிடுவதால் நிறம் மறைகிறது.

இதே குடும்பத்து வேதியியல் விழுப்புரம் மக்களின் கைகளில் நாள்தோறும் புழங்குகிறது. அரசுப் பேருந்து நடத்துநரின் கைக்கருவி அச்சிடும் பயணச்சீட்டு பெரும்பாலும் வெப்பத்தாளே ஆகும். அதன் பூச்சில் லூக்கோ சாயமும் நிறந்தூண்டியும் பிரிந்து கிடக்கின்றன. சூடான அச்சுமுனை பட்ட இடத்தில் அவை உருகிச் சேர்வதால் எழுத்து தோன்றுகிறது. சீட்டில் வெப்பம் இவ்விரண்டையும் சேர்த்து எழுத்தை உண்டாக்குகிறது; பேனா மையில் அதே வெப்பம் அவற்றைப் பிரித்து எழுத்தை மறைக்கிறது.

மறைந்த நிறம் துணி ஆறியதும் ஏன் திரும்புவதில்லை என்பதே இம்மையின் நுட்பமான பகுதி. மார்கழிப் பனியில் உறைந்த தேங்காய் எண்ணெய் வெயில் ஏறியதும் உருகிவிடுகிறது. அது உருகும் வெப்பநிலையும் உறையும் வெப்பநிலையும் அருகருகே உள்ளன. நுண்ணுறைக்குள் இருக்கும் கொழுப்போ, 60 டிகிரியில் உருகியபின், குளிர்ந்தாலும் எளிதில் உறையாத வகையில் தேர்ந்தெடுக்கப்பட்டுள்ளது. அது உறையத் தொடங்க நீரின் உறைநிலைக்குக் கீழே 10 டிகிரி, முழுதும் உறைய ஏறத்தாழ 20 டிகிரி குளிர் வேண்டும். போகும் வழியும் மீளும் வழியும் இவ்வாறு வெவ்வேறாக இருப்பதை இயற்பியல் தயக்கம் என்று அழைக்கிறது. எனவே கோடு அழிவதில்லை, ஒளிந்துகொள்கிறது. சாயமும் நிறந்தூண்டியும் கொழுப்பும் துணியின் இழைகளுக்கிடையே அப்படியே இருக்கின்றன.

இஸ்திரிப் பெட்டியின் ஒரு புள்ளிக் குறி ஏறத்தாழ 110 டிகிரியையும், இரண்டு புள்ளி 150 டிகிரியையும், மூன்று புள்ளி 200 டிகிரியையும் குறிப்பதால், மிகக் குறைந்த சூடே கோட்டை மறைக்கப் போதுமானது. இதனால் வெப்பத்தை ஓரளவே தாங்கும் பட்டிலும் செயற்கை இழையிலும் அதிகச் சூடு வைக்க வேண்டியதில்லை. ஆனால், வரைந்த கோடு தைத்து முடியும்வரை தேவையெனில், இடையில் தையலைப் படிய வைப்பதற்காக இஸ்திரி போடும் வழக்கத்தைத் தள்ளிவைக்க வேண்டும். ஆரி வேலை முடிந்த துணியில் பிளாஸ்டிக் மணிகளும் சம்கிகளும் வெப்பத்தில் உருக்குலையக்கூடும் என்பதால், துணியைக் கவிழ்த்துப் பின்புறத்தில் மட்டுமே மெல்லச் சூடு காட்ட வேண்டும்.

விழுப்புரம் வட்டாரத்தின் தட்பவெப்பம் இம்மைக்கு ஒருபுறம் நண்பன், மறுபுறம் பகை. தை மாதத்து இரவிலும் குளிர் உறைநிலையை நெருங்காத இச்சமவெளியில் மறைந்த கோடு தானாக மீள வழியில்லை. கத்திரி வெயிலில் காற்றின் வெப்பம் 40 டிகிரியைத் தொட்டாலும் கோடு அதனைத் தாங்கும். ஆனால் வெயிலில் கண்ணாடி ஏற்றி நிறுத்திய காரின் முன்பலகையில் வெப்பம் 60 டிகிரியைத் தாண்டக்கூடியதாகையால், அங்கே வைத்த துணியின் குறிகள் தையலுக்கு முன்பே மறைந்துவிடலாம். அவ்வாறு இழந்த கோட்டை மீட்கும் கருவியும் வீட்டிலேயே உள்ளது: ஏறத்தாழ உறைநிலைக்குக் கீழ் 18 டிகிரியில் இயங்கும் குளிர்பெட்டியின் உறைபகுதியில் துணியைச் சில மணிநேரம் வைத்தால் கோடு பெரிதும் திரும்பிவிடும்.

இம்மீட்சியே வேறிடத்தில் இடராகிறது. மேல்துணி, நடுவே பஞ்சு அடுக்கு, அடித்துணி ஆகிய மூன்றையும் ஊடுருவித் தைத்துச் செய்யும் குயில்ட் என்னும் போர்வைக் கலை, இந்திய குயில்ட் விழா 2019இல் சென்னையில் நடைபெறும் அளவுக்குத் தமிழகத்தில் ஆர்வலர்களைப் பெற்றுள்ளது. பழம்புடவைகளை அடுக்கித் தைத்த போர்வையை அறிந்த தமிழ் வீடுகளுக்கு அதன் அடிப்படை புதிதன்று. மேல்துணி முழுவதும் கோடு வரைந்து தைத்த அத்தகைய போர்வை, கனடாவில் வாழும் உறவினருக்கு ஜனவரியில் அனுப்பப்பட்டு உறைபனியில் கிடக்க நேர்ந்தால், மறைந்த கோடுகள் மீண்டும் முகம் காட்டக்கூடும். இஸ்திரி போட்டால் அவை மறையும்; அடுத்த குளிரில் மறுபடியும் தோன்றலாம். மேலும், கருநீலம், அரக்கு, கறுப்பு போன்ற அடர்நிறத் துணிகளில் நிறம் மறைந்த பின்னும் மையின் எச்சம் வெளிறிய தடமாகத் தெரிவதுண்டு. அதனை எந்தச் சூடும் நீக்காது.

துணிக்குறிப் பேனாக்கள் அனைத்தும் ஒரே விதிக்குக் கட்டுப்பட்டவை அல்ல என்பதும் நினைவில் இருக்க வேண்டும். நீரில் கரையும் நீலப் பேனாவின் கோட்டைக் குளிர்ந்த நீரால் நீக்குமுன் இஸ்திரி போட்டால், வெப்பம் அதனைத் துணியில் நிலையாகப் பதித்துவிடக்கூடும். காற்றில் மறையும் ஊதாப் பேனாவின் கோடு சில மணிநேரத்திலோ சில நாளிலோ தானே போய்விடும். ஒரு பேனாவுக்கு மருந்தான சூடு இன்னொன்றுக்கு நஞ்சாவதால், கையிலுள்ள பேனா எவ்வகையினது என்று அறியாமல் விலைமிக்க துணியைத் தொடக் கூடாது.

ஆகவே வெப்பத்தில் மறையும் பேனா, வெளிர்நிறப் பருத்தித் துணியிலும், தையலுக்குள் மறைந்துவிடும் ஓரங்களிலும், டார்ட் முனைகளிலும் நம்பிக்கையான கருவி. தலைமுறைகள் பேண வேண்டிய பட்டுக்கும் அடர்நிறத் துணிக்கும் சாக்கும் பொடியுமே இன்றளவும் பாதுகாப்பானவை. புதிய பேனாவை வாங்குவோர் அதே துணியின் வெட்டுத்துண்டு ஒன்றில் கோடு வரைந்து, இஸ்திரி போட்டு, சோப்பு நீரில் அலசி உலர்த்தி, ஓரிரவு உறைபகுதியில் வைத்து, காலையில் பகல் வெளிச்சத்தில் பார்க்க வேண்டும். அத்துண்டில் கோடு தெரியாவிட்டால் மட்டுமே அப்பேனா அத்துணியைத் தொடலாம்.