விண்மீனும் வெள்ளமும்: மேகநாத் சாகா

1956ஆம் ஆண்டு பிப்ரவரி 16ஆம் நாள், புதுதில்லியில் அந்நாளில் குடியரசுத் தலைவர் மாளிகை வளாகத்தில் இயங்கிவந்த திட்டக் குழுவின் அலுவலகத்திற்குச் செல்லும் வழியில், மக்களவை உறுப்பினர் ஒருவர் மாரடைப்பால் கீழே விழுந்து உயிர் நீத்தார். அவருக்கு வயது 62. விண்மீன்களின் வெப்பநிலையை அளந்தறிய உலகிற்கு வழிகாட்டிய பௌதிகப் பேராசிரியர் மேகநாத் சாகாவே அவர். பௌதிக மாணவர்கள் அவருடைய பெயரால் வழங்கும் சமன்பாட்டை அறிவர். ஆனால் திட்டமிடுதலின் வரலாற்றைப் பயிலும் பொருளியல் மாணவர்களில் பலர் அவர் பெயரையே அறியார். என் மாணவப் பருவத்தில் நானும் அறிந்திருக்கவில்லை.

சாகா 1893ஆம் ஆண்டு அக்டோபர் 6ஆம் நாள், இன்றைய வங்கதேசத்தின் டாக்கா நகருக்கு அருகிலுள்ள சியோராதலி என்னும் சிற்றூரில் பிறந்தார். தந்தையார் சிறு மளிகைக் கடை வைத்திருந்தவர். ஊரில் தொடக்கப் பள்ளிக்கு மேல் படிக்க வசதி இல்லை. ஏறத்தாழ 10 கிலோமீட்டர் தொலைவிலிருந்த சிமுலியாவில் மருத்துவர் ஒருவர் உணவும் உறைவிடமும் அளித்தார். வீட்டுப் பசுவைப் பேணுவதும், உண்ட கலத்தைத் தானே கழுவி வைப்பதும் அதற்கான நிபந்தனைகள். கலத்தைக் கழுவும் நிபந்தனைக்குக் காரணம் சாதி. பின்னர்க் கல்கத்தாவில் கல்லூரி மாணவர் விடுதியிலும் இதே பாகுபாடு அவரைப் பின்தொடர்ந்தது. 1905இல் வங்கப் பிரிவினையை எதிர்த்து, ஆளுநரின் வருகையைப் புறக்கணித்த மாணவர்களுள் அவரும் ஒருவர். உதவித்தொகையை இழந்து அரசுப் பள்ளியிலிருந்து வெளியேற்றப்பட்டார். வேறொரு பள்ளியில் சேர்ந்து, 1909ஆம் ஆண்டு நுழைவுத் தேர்வில் கிழக்கு வங்கத்தில் முதலாவதாகத் தேறினார். பிரசிடென்சி கல்லூரியில் சத்தியேந்திரநாத் போஸ் அவருடைய வகுப்புத் தோழர்; மகலனோபிஸ் ஓராண்டு மூத்தவர். பிரபுல்ல சந்திர ராய், ஜகதீச சந்திர போஸ் ஆகியோர் ஆசிரியர்கள்.

சாகாவின் பெரும் கண்டுபிடிப்பைச் சற்று விரிவாகவே கூற வேண்டும். சூரிய ஒளியை முப்பட்டகத்தின் வழியே பகுத்தால் அந்நிறமாலையில் கருங்கோடுகள் தோன்றும். ஒவ்வொரு கோடும் ஒரு தனிமத்தின் அடையாளம். முழுச் சூரிய கிரகணத்தின்போது சூரியனின் விளிம்பில் தெரியும் செந்நிற மண்டலத்தை ஆராய்ந்தவர்கள் ஒரு புதிரைக் கண்டனர். எலெக்ட்ரான் ஒன்றை இழந்த கால்சியத்தின் கோடுகள் அம்மண்டலத்தின் மிக உயர்ந்த அடுக்குகளிலும் காணப்பட்டன. முழுமையான கால்சிய அணுவின் கோடுகளோ தாழ்ந்த அடுக்குகளோடு நின்றுவிட்டன. அணுவிலிருந்து எலெக்ட்ரானைப் பிரிப்பது வெப்பம் மட்டுமே எனின், உயரே செல்லச் செல்ல வெப்பம் மிகுகிறது என்றாகும். அதனை ஏற்பது கடினம்.

சாகா இதனை ஒரு வேதியியல் வினையாகக் கண்டார். அணு எலெக்ட்ரானை இழக்கிறது. இழந்த அணு மீண்டும் ஓர் எலெக்ட்ரானைப் பற்றிக்கொள்கிறது. இவ்விரண்டும் இடையறாது நிகழ்ந்து ஒரு சமநிலையை எய்துகின்றன. அளிப்பும் தேவையும் சந்திக்கும் இடத்தில் விலை நிலைபெறுவதைப் பயின்ற எங்களைப் போன்றோருக்கு இது அயலான கருத்தன்று. வெப்பம் மிகுந்தால் இழப்பு மிகும். அழுத்தம் மிகுந்தால் துகள்கள் நெருங்கியிருக்கும்; ஆதலால் இழந்ததை மீளப் பெறுவது எளிதாகும். சூரியனின் மேலடுக்குகளில் அழுத்தம் மிகக் குறைவு. அங்கே பிரிந்துபோன எலெக்ட்ரானுக்கு மாற்றாக மற்றொன்று அகப்படுவது அரிது. ஆகவே வெப்பம் மிகாமலேயே அயனிகள் மிகுகின்றன. புதிர் விடுபட்டது. 1920ஆம் ஆண்டு அக்டோபரில் 'பிலாசபிகல் மேகசின்' என்னும் ஆங்கில ஆய்விதழில் இக்கட்டுரை வெளிவந்தது.

இதன் பயன் சூரியனோடு நிற்கவில்லை. ஹார்வர்டு வானாய்வு நிலையத்தில் இரண்டு லட்சத்திற்கும் மேற்பட்ட விண்மீன்கள் அவற்றின் நிறமாலையைக் கொண்டு வகைப்படுத்தப்பட்டிருந்தன. அவ்வகைகள் ஏன் வேறுபடுகின்றன என்பதற்கு உறுதியான விளக்கம் இல்லை. விண்மீன்கள் பெரும்பாலும் ஒரே பொருள்களால் ஆனவை, வெப்பநிலையே அவற்றை வேறாகக் காட்டுகிறது என்று சாகாவின் சமன்பாடு எண்களோடு நிறுவியது. 1925இல் சிசிலியா பெய்ன் என்னும் இளம் பெண் அறிஞர், அதே சமன்பாட்டைக் கொண்டு விண்மீன்களில் ஹைட்ரஜனே மிகுதி என்ற முடிவுக்கு வந்தார். முதலில் மூத்தோர் அதனை நம்பவில்லை என்பது வேறு கதை.

இத்தகைய ஆய்வைச் செய்தவரிடம் கருவிகள் இல்லை, பணமும் இல்லை. அதற்கு முன் 1917இல் அவர் எழுதிய கட்டுரை ஒன்றை வெளியிட, அமெரிக்க ஆய்விதழ் ஒன்று அச்சுச் செலவில் ஒரு பகுதியைக் கேட்டது. அதைக் கொடுக்க அவரால் இயலவில்லை. அக்கருத்தில் தமக்குரிய முதன்மை மறைந்துபோன வருத்தத்தைப் பின்னாளில் அவர் எழுத்திலேயே பதிவு செய்திருக்கிறார். 1927இல் லண்டன் ராயல் சொசைட்டி அவரை உறுப்பினராகத் தேர்ந்தது.

ஆற்று வெள்ளம் அவருக்குப் புத்தகச் செய்தியன்று. மழைக்காலத்தில் படகிலேறிப் பள்ளிக்குச் சென்றவர் அவர். 1922ஆம் ஆண்டு வட வங்க வெள்ளத்தில் பிரபுல்ல சந்திர ராய் நடத்திய நிவாரணப் பணியில் ஈடுபட்டார். நதிகளையும் ஆய்வுக்கூடத்தில் மாதிரி அமைத்து ஆராய வேண்டுமென இடைவிடாது எழுதினார். 1935இல் 'சயன்ஸ் அண்டு கல்சர்' என்னும் இதழைத் தொடங்கியதன் நோக்கங்களுள் இதுவும் ஒன்று. 1943இல் தாமோதர் நதி கரையை உடைத்து, போரும் பஞ்சமும் ஒருங்கே வாட்டிய வேளையில் கல்கத்தாவின் ரயில் தொடர்பையும் சாலைத் தொடர்பையும் துண்டித்தது. இதனை ஆராய அமைத்த குழுவில் சாகா இடம்பெற்றார். அமெரிக்காவின் டென்னசி பள்ளத்தாக்கு ஆணையத்தைப் போல, வெள்ளத் தடுப்பு, பாசனம், மின்சாரம் மூன்றையும் ஒரே அமைப்பு கவனிக்க வேண்டும் என்பது அவர் வாதம். அதன் விளைவே 1948ஆம் ஆண்டு ஜூலை 7ஆம் நாள் பிறந்த தாமோதர் பள்ளத்தாக்குக் கழகம். திலையா, கோனார், மைதான், பாஞ்செட் என நான்கு அணைகளை அக்கழகம் 1953 முதல் 1959 வரை கட்டி முடித்தது. முதலில் வரைந்த திட்டத்தில் அணைகள் இதனினும் மிகுதி. டென்னசியில் அதிகாரம் மத்திய அரசிடமிருந்து வந்தது. இங்கே மத்திய அரசு, பீகார், மேற்கு வங்கம் என மூன்று பங்காளிகள். மூன்று அரசுகளின் இசைவை ஒரே கோப்பில் பெற முயன்ற எவருக்கும் அணைகளின் எண்ணிக்கை ஏன் குறைந்தது என்பதை விளக்க வேண்டியதில்லை.

1938இல் காங்கிரஸ் தலைவராயிருந்த சுபாஷ் சந்திர போஸிடம், விடுதலை பெறும் இந்தியா மாட்டுவண்டிப் பொருளாதாரத்திற்குத் திரும்புமா, தொழில்மயமாகுமா எனச் சாகா நேரிடையாக வினவினார். அவ்வாண்டே தேசியத் திட்டக் குழு உருவாயிற்று. விசுவேசுவரய்யாவின் பெயரும் பேசப்பட்ட தலைமைப் பொறுப்பை நேரு ஏற்க வேண்டும் என விரும்பி முயன்றவர்களுள் சாகா முக்கியமானவர். மின்விசை, எரிபொருள் பற்றிய துணைக்குழுவிற்கு அவரே தலைவர். ஒரு நாட்டின் வறுமையை அறிய, தலைக்கு எவ்வளவு விசை பயன்படுகிறது என்று பார்த்தால் போதும் என்பது அவர் கணிப்பு. கைத்தொழில்களிடம் அவர் காட்டிய அலட்சியம் மிகையானது என்றே நான் கருதுகிறேன். விசையின் அளவு பெருகினாலும், வேலை கிடைக்காத கைகளை அந்த அளவுகோல் காட்டாது.

தாம் விரும்பித் தலைமைக்கு அழைத்த நேருவுடன் அவருக்கு நேர்ந்த முரண்பாடு வருந்தத்தக்கது. 1948இல் அணுசக்திக் குழு ஹோமி பாபாவின் தலைமையில் அமைந்தபோது சாகா அதில் இல்லை. நாட்டில் முதலில் தொழில் அடித்தளமும் பயிற்சி பெற்ற ஆட்களும் வேண்டும், ஆய்வு பல்கலைக்கழகங்களில் வேரூன்ற வேண்டும், இரகசியம் அறிவியலுக்குப் பகை என்பன அவர் கொள்கைகள். தனி அமைப்பின்றி அணுசக்தி விரைந்து வளராது என்பது பாபாவின் நிலை. பின்வந்த அணுமின் நிலையங்களைச் சுட்டி பாபாவே வென்றார் எனலாம். எனினும் பல்கலைக்கழக ஆய்வு நலிந்துபோனதைச் சுட்டினால், சாகாவின் எச்சரிக்கையைத் தள்ளிவிட இயலாது. 1952இல் கல்கத்தாவிலிருந்து சுயேச்சையாக மக்களவைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட அவர், 1954இல் அணுசக்தி பற்றி அங்கேயே விவாதம் எழுப்பினார். முதல் ஐந்தாண்டுத் திட்டம் கனரகத் தொழில்களைப் புறக்கணித்தது என்றும் சாடினார். அத்தொழில்களை முன்னிறுத்திய இரண்டாவது திட்டம், அவருடைய பழைய கல்லூரித் தோழர் மகலனோபிஸ் வகுத்த வழியில், 1956 ஏப்ரலில் தொடங்கியது. சாகா மறைந்து அப்போது ஆறு வாரங்களே கடந்திருந்தன.

அவர் தலைமையில் அமைந்த நாட்காட்டிச் சீர்திருத்தக் குழு, நாட்டில் வழங்கிய பல்வேறு பஞ்சாங்கங்களை ஆராய்ந்து 1955இல் அறிக்கை அளித்தது. அதன்படி 1957ஆம் ஆண்டு மார்ச் 22ஆம் நாள், சக ஆண்டு 1879, சைத்திரம் முதல் நாளாக ஏற்கப்பட்டது. இந்திய அரசிதழின் முகப்பில் ஆங்கிலத் தேதியின் அருகே அந்த சக ஆண்டுத் தேதி அச்சாகி வருகிறது.