கூம்புக் குழலின் உறவுகள்

கொல்லிமலைத் தலைவன் வல்வில் ஓரியை வன்பரணர் பாடிய பாட்டு புறநானூற்றில் 152ஆவது. ஒரே அம்பு யானை, புலி, மான், பன்றி என்று துளைத்துக்கொண்டே போய்க் கடைசியில் உடும்பில் தைக்கும். பாட்டைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் அந்த அம்போடு நிறுத்திக்கொள்கிறார்கள். எனக்கு அதற்கு அடுத்த பகுதிதான் பெரிது. அந்த வில்லாளியைப் பாடுவதற்காகப் பாணர் கூட்டம் அங்கேயே கச்சேரிக்குத் தயாராகிறது. முழவு, யாழ், எல்லரி, ஆகுளி, பதலை எல்லாம் இருக்கின்றன. கூடவே தூம்பு என்ற ஊது கருவியும் இருக்கிறது. உரைகாரர்கள் அதை யானைத் துதிக்கை வடிவிலான பெருவங்கியம் என்கிறார்கள்.

துதிக்கை நுனியில் சிறுத்து அடியில் பருத்தது. உரை சரியென்றால் அந்தத் தூம்பு ஒரு கூம்பு. ஒலியியலில் இது சின்ன விஷயமில்லை.

ஒரு முனையில் வாய் வைத்து அடைத்து ஊதும் குழல் நெடுகிலும் ஒரே அகலமாக இருந்தால், அதன் காற்றுத் தம்பம் ஒன்று, மூன்று, ஐந்து என்ற ஒற்றைப்படை மடங்குகளில்தான் அதிரும். கிளாரினெட் அப்படிப்பட்டது. அதில் விரலை மாற்றாமல் அடுத்த நிலைக்குத் தாவினால் அதிர்வெண் மூன்று மடங்காகும்; ஷட்ஜம் ஊதியவருக்கு மேல் ஸ்தாயிப் பஞ்சமம் கிடைக்கும். கூம்பில் கதை வேறு. அலை நுனியை நோக்கி ஓடும்போது இடம் குறுகி அழுத்தம் ஏறுகிறது, விரியும் பக்கம் தணிகிறது. இந்த ஏற்ற இறக்கம், நுனி அடைபட்ட கூம்பையும் இருபுறம் திறந்த புல்லாங்குழலைப் போல நடந்துகொள்ள வைக்கிறது. ஒன்று, இரண்டு, மூன்று என எல்லா மடங்குகளும் வந்துவிடுகின்றன. தாவினால் இரண்டு மடங்கு, அதாவது மேல் ஷட்ஜம். கீழே பிடித்த விரல் மேலேயும் செல்லும். ராகத்தை ஸ்தாயி மாற்றி மாற்றி விரிக்கிறவருக்கு இதைவிட என்ன வேண்டும்!

ஓரியின் கொல்லிமலைக்கு எழுபது கொண்டை ஊசி வளைவுகள் ஏறிப் போக வேண்டும். ஆயிரம் மீட்டருக்கு மேலே காற்று மெலிந்திருக்கும். அதனால் குழலின் சுருதி மாறுமா? மாறாது. காற்றில் ஒலியின் வேகத்தைத் தீர்மானிப்பது வெப்பம். அழுத்தத்துக்கு அதில் பங்கில்லை. ஆனால் குளிர் மாற்றும். ஒரு டிகிரி குறைந்தால் ஒலியின் வேகம் நொடிக்கு 0.6 மீட்டர் அளவு குறைகிறது. நாமக்கல்லைவிடப் பத்து டிகிரி குளிர்ந்த மலைக்காலையில், ஊதத் தொடங்கும் முன் குழல் கிட்டத்தட்ட அரைச்சுரத்தில் மூன்றில் ஒரு பங்கு இறங்கி நிற்கும். ஊதுகிறவரின் மூச்சுச்சூடு மெல்ல மெல்ல அதை மேலே தூக்கும்.

அந்தத் தூம்பைப் போலவே நம் நாகஸ்வரமும் கூம்புதான். ஆச்சா மரத்தில் கடைந்த உடல், காவிரிக்கரை நாணல் தட்டையில் செய்த சீவாளி, ஏழு விரல் துளைகள். 2022இல் புவிசார் குறியீடு பெற்ற நரசிங்கம்பேட்டைக் கருவிகளும் இப்படித்தான். பெல்ஜியத்தில் பிறந்த அடோல்ஃப் சாக்ஸ் 1846இல் பாரிஸில் காப்புரிமை வாங்கிய சாக்சபோனும் கூம்பே. அதன் உடல் பித்தளை. ஆனால் ஒலியை எழுப்புவது ஒற்றை நாணல் தகடு. ராணுவ வாத்தியக் குழுக்களை மனத்தில் வைத்து உருவான கருவி இந்தியாவுக்கும் பேண்டு வாத்தியமாகத்தான் வந்தது.

மைசூர் அரண்மனை பேண்டில் அதைப் பார்த்து மயங்கியவர் மங்களூர்ப் பக்கத்துக் கத்ரி கோபால்நாத். அவருடைய தந்தை நாகஸ்வர வித்வான். கோபால்நாத் கருவியை மாற்றினார், உறவை மாற்றவில்லை என்பேன். மங்களூரில் கோபாலகிருஷ்ண ஐயரிடமும், பிறகு சென்னையில் வாய்ப்பாட்டுக் கலைஞர் டி.வி. கோபாலகிருஷ்ணனிடமும் கற்றார்.

ஆனால் ஒரு பெரிய தடை இருந்தது. நாகஸ்வரத்தில் விரல் துளையையே தொடுகிறது. பாதி மூடலாம், வழுக்கலாம். சாக்சபோனில் துளைகள் விரலைவிட அகலம். அவற்றை மூடுபவை சாவிகளோடு இணைந்த மெத்தைகள். சாவி திறக்கும், அல்லது மூடும். அவ்வளவுதான். சுரத்தை அசைத்து வழுக்கும் கமகம் இல்லாமல் தோடி ராகம் ஏது?

அந்த வேலை வாய்க்கு இடம் மாறியது. கீழுதட்டின் பிடியைத் தளர்த்தினால் தகட்டின் அதிர்வு மாறிச் சுரம் கீழே சரியும், இறுக்கினால் மீளும். நாக்கும் தொண்டையும் சேர்ந்து வாய்க்குள் அமைக்கும் காற்றறைக்கும் பங்குண்டு. ஆஸ்திரேலியாவின் நியூ சவுத் வேல்ஸ் பல்கலைக்கழகத்தின் சென், ஸ்மித், வுல்ஃப் ஆகியோர், வாசிக்கும்போதே வாய்க்குள் நடப்பதை அளந்து 2008இல் ‘சயின்ஸ்’ இதழில் எழுதினார்கள். கருவியின் வழக்கமான எல்லைக்கு மேலே உள்ள உச்சச் சுரங்களை ஊதும்போது, தேர்ந்த கலைஞர்கள் தங்கள் வாயறையின் ஒத்ததிர்வை அந்தச் சுரத்துக்கு அருகே கொண்டுபோய் நிறுத்துகிறார்கள். பழக்கம் போதாதவர்களால் அது முடியவில்லை, அந்தச் சுரங்களும் அவர்களுக்கு எட்டவில்லை. சுரத்தை வளைக்கும்போதும் வாயறை இப்படி உதவுகிறது என்று அதே குழு பின்னர் காட்டியது. ஆக, சாக்சபோன் வித்வானும் ஒருவகையில் பாடகர்தான். கத்ரி வாய்ப்பாட்டுக் குருவிடம் பயின்றது எத்தனை பொருத்தம்!

பிரிட்டனில் சாக்சபோனும் இந்திய இசையும் வேறு வழியில் சந்தித்தன. ஜமைக்காவில் பிறந்து 1951இல் லண்டனுக்குப் போன ஆல்ட்டோ சாக்சபோன் கலைஞர் ஜோ ஹேரியட், கல்கத்தாவில் பிறந்த வயலின் கலைஞரும் இசையமைப்பாளருமான ஜான் மேயரோடு சேர்ந்து, ஐந்து ஜாஸ் கலைஞர்களையும் ஐந்து இந்திய இசைக் கலைஞர்களையும் ஒன்றாக உட்கார வைத்தார். 1966இலிருந்து ‘இந்தோ ஜாஸ்’ இசைத்தட்டுகள் வந்தன. துணிச்சலான, அழகான இசை. ஆனாலும் கூர்ந்து கேட்டால் ராகத்தின் சுரங்கள் சாக்சபோனில் இருக்கும். சுரங்களுக்கு இடையிலான பயணம் சிதாரிடம்தான் இருக்கும்.

அந்தப் பயணத்தையே சாக்சபோனுக்குக் கொடுத்தவர் கத்ரி. 1980இல் பம்பாய் ஜாஸ் விழாவில் அவர் வாசித்ததைக் கேட்ட அமெரிக்கக் கலைஞர் ஜான் ஹேண்டி, தானும் மேடையேறிச் சேர்ந்து வாசிக்கலாமா என்று கேட்டார். 1994இல் லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹாலில் பிபிசி ப்ராம்ஸ் மேடை. அதே ஆண்டு பாலசந்தரின் ‘டூயட்’ வந்தது. திரையில் பிரபு, இசை ஏ.ஆர். ரகுமான், மூச்சு கத்ரியுடையது. தமிழ்நாட்டின் பட்டிதொட்டியெல்லாம் சாக்சபோனை அந்தப் படத்தில்தான் அறிந்தது.

கொலராடோவில் வளர்ந்த இந்திய வம்சாவளி சாக்சபோன் கலைஞர் ருத்ரேஷ் மகந்தப்பாவுக்கு, அண்ணன் விளையாட்டாகக் கொடுத்த ஒரு கத்ரி இசைத்தட்டு வழியை மாற்றியது. கத்ரியும் மகந்தப்பாவும் சேர்ந்து வாசித்த ‘கின்ஸ்மென்’ இசைத்தட்டு 2008இல் வெளிவந்தது. ஏ. கன்யாகுமரியின் வயலினும் பூவலூர் ஸ்ரீஜியின் மிருதங்கமும் அதில் உண்டு. கத்ரியும் மகந்தப்பாவும் வாசிப்பவை ஆல்ட்டோ சாக்சபோன்கள், ஒரே அளவுக் கூம்புகள். ஆனாலும் யார் வாசிக்கிறார் என்று முதல் கமகத்திலேயே தெரிந்துவிடும்.