காலாவதியான எரிபொருள் போக்குவரத்து ஒப்பந்தங்களும் வழக்குகளும்

எரிபொருள் போக்குவரத்து ஒப்பந்தம் என்பது பெட்ரோல், டீசல், சமையல் எரிவாயு ஆகியவற்றைக் கிடங்கிலிருந்து ஏற்றிச் செல்வதற்காக எண்ணெய் நிறுவனமும் டேங்கர் லாரி உரிமையாளரும் செய்துகொள்ளும் உடன்படிக்கை ஆகும். இது டெண்டர் மூலம் குறிப்பிட்ட காலத்துக்கு வழங்கப்படுகிறது. அந்தக் காலம் முடிந்த பின்னும் சில தகராறுகள் நீதிமன்றத்தில் தொடர்கின்றன.

தமிழ்நாட்டில் சமையல் எரிவாயு டேங்கர் லாரித் தொழிலின் மையம் நாமக்கல். புதிய டெண்டர் விதிகளை எதிர்த்து 2025 மார்ச் 27 அன்று தென்மண்டல டேங்கர் லாரி உரிமையாளர்கள் வேலைநிறுத்தம் தொடங்கினர். கள்ளக்குறிச்சி மாவட்டத்தில் எலவனாசூர்கோட்டை வழியாகச் செல்லும் உளுந்தூர்பேட்டை–சேலம் தேசிய நெடுஞ்சாலையில் ஓடும் டேங்கர் லாரிகளின் பின்னாலும் இத்தகைய ஒப்பந்தங்களே உள்ளன.

தகராறு எழக் காரணம்

டேங்கர் லாரி எரிபொருளுக்கென்றே கட்டப்படுவது. அதற்குத் தனி உரிமமும் வேண்டும். ஒப்பந்தம் முடிந்தால் அதில் நெல்லோ கரும்போ ஏற்ற முடியாது. ஆனால் வண்டிக் கடனின் தவணை நிற்காது. எனவே நீட்டிப்புக் கேட்டும், பாக்கி வாடகை, வைப்புத்தொகை, அபராதப் பிடித்தம் ஆகியவை குறித்தும் வழக்குகள் எழுகின்றன.

முடிந்த ஒப்பந்தம் உயிர்பெறுமா?

பொதுவாக இல்லை. ஒப்பந்தத்தில் நீட்டிப்பு என்பது நிறுவனத்தின் விருப்பம் என்று இருந்தால், அதை உரிமையாகக் கேட்க இயலாது. வழக்கு நடக்கும்போதே காலம் முடிந்துவிட்டால், 'வண்டியை மீண்டும் சேர்க்க வேண்டும்' என்ற கோரிக்கை பயனற்றதாகிவிடும். பணக் கோரிக்கை மட்டுமே எஞ்சும்.

இதை ஒட்டிய முக்கியத் தீர்ப்பு, இந்தியன் ஆயில் நிறுவனத்துக்கும் அமிர்தசரஸ் கேஸ் சர்வீசுக்கும் இடையிலான வழக்கில் 1990-இல் உச்ச நீதிமன்றம் அளித்ததாகும். அது போக்குவரத்து ஒப்பந்தம் அன்று. சமையல் எரிவாயு விநியோக உரிமை பற்றியது. 1976-இல் அளித்த உரிமையை நிறுவனம் 1983-இல் ரத்து செய்தது. உரிமையைத் திரும்ப வழங்குமாறு நடுவர் தீர்ப்பளித்தார். ஆனால் அந்த ஒப்பந்தத்தை 30 நாள் அறிவிப்பில் எந்தத் தரப்பும் முடித்துக்கொள்ளலாம். ஆகவே அந்த 30 நாளுக்கான இழப்பீடே கிடைக்கும், உரிமை திரும்பாது என்று நீதிமன்றம் கூறியது.

காலம் முடிந்தும் அழியாத உரிமைகள்

1. பாக்கித் தொகை: ஒப்பந்தக் காலத்தில் ஓடிய நடைகளுக்கான வாடகையும், திரும்ப வேண்டிய வைப்புத்தொகையும் காலாவதியால் மறைவதில்லை. ஒப்பந்த மீறலுக்கு இழப்பீடு கோர இந்திய ஒப்பந்தச் சட்டம், 1872-இன் 73-ஆம் பிரிவு இடம் தருகிறது.

2. நடுவர் விசாரணை: நடுவர் மற்றும் சமரசச் சட்டம், 1996-இன் 16-ஆம் பிரிவு, நடுவர் விதியைத் தனி உடன்படிக்கையாகக் கருதுகிறது. அதனால் ஒப்பந்தம் முடிந்தாலும், அதன் கீழ் எழுந்த தகராறை நடுவரிடம் கொண்டு செல்லலாம்.

3. காலம் கடந்து ஓடிய நடை: முறையான ஒப்பந்தம் இல்லாமல், இலவசமாக அல்ல என்ற எண்ணத்தில் செய்த வேலையின் பயனை மறுதரப்பு ஏற்றுக்கொண்டால், 70-ஆம் பிரிவின்படி ஈடு கேட்கலாம். மேற்கு வங்க அரசுக்கும் பி. கே. மண்டல் நிறுவனத்துக்கும் இடையிலான கட்டுமான வழக்கில் 1961-இல் உச்ச நீதிமன்றம் இதை உறுதி செய்தது.

4. கருப்புப் பட்டியல்: இதன் பாதிப்பு அடுத்த டெண்டரிலும் தொடரும். எனவே பழைய ஒப்பந்தம் முடிந்ததால் மட்டும் இந்த வழக்கு பொருளற்றதாகாது. அரசுத் தரப்பு ஒருவரைப் பட்டியலில் சேர்க்கும் முன் அவர் பக்க விளக்கத்தைக் கேட்க வேண்டும் என்பது எருசியன் எக்யுப்மென்ட் வழக்கில் 1974-இல் வந்த தீர்ப்பு.

கால வரம்பு

காலவரையறைச் சட்டம், 1963-இன்படி இத்தகைய பணக் கோரிக்கைகளுக்குப் பொதுவாக 3 ஆண்டுகளே அவகாசம். அந்தக் காலம் ஒவ்வொரு தொகையும் கொடுக்கப்பட வேண்டிய நாளிலிருந்தோ, மீறல் நடந்த நாளிலிருந்தோ ஓடத் தொடங்கும். நிறுவனத்துக்குத் தொடர்ந்து நினைவூட்டல் கடிதம் எழுதுவதால் மட்டும் அது நீளாது. நடுவர் விசாரணை கோரும் அறிவிப்பு எதிர்த்தரப்புக்குக் கிடைத்த நாளிலேயே அந்த விசாரணை தொடங்கியதாகச் சட்டம் கொள்கிறது. ஆகவே நடைச் சீட்டு, பில் நகல், நீட்டிப்புக் கடிதம், அபராத உத்தரவு ஆகியவற்றை ஒப்பந்தம் முடிந்த பின்னும் பாதுகாத்து வைப்பது அவசியமாகும்.