இல்லாத வானங்கள் – 9: தகப்பனாக ஒரு விடிவெள்ளி

கற்பனை உலகங்களைக் கட்டுகிறவர்கள் பெரும்பாலும் வானத்தைக் கடைசியில்தான் நினைக்கிறார்கள். இரண்டு நிலா, ஒரு சிவப்புச் சூரியன், பெயர் சூட்டிய ஒரு நட்சத்திரம் என்று மேலே தொங்கவிட்டுவிட்டுக் கதைக்குத் திரும்பிவிடுகிறார்கள். எவ்வளவு அழகாக வர்ணித்தாலும் அப்படிப்பட்ட நட்சத்திரம் மனதில் ஒட்டுவதில்லை. கீழே வாழும் யாருக்கும் அதனோடு கொடுக்கல் வாங்கல் எதுவும் இல்லை என்பதுதான் காரணம். ஒரே ஒளியை ஒருவர் ஏக்கத்தோடும், இன்னொருவர் பயத்தோடும், மற்றொருவர் வழி கேட்டும் அண்ணாந்து பார்க்க வேண்டும். அப்போதுதான் அது ஒரு பண்பாட்டின் சொத்தாகிறது. ஜே.ஆர்.ஆர். டோல்கீன் மிடில்-எர்த் உலகத்துக்குத் தந்த எயாரெண்டில் என்ற நட்சத்திரம் இதற்கு வலுவான சான்று.

அது முதலில் ஒரு சொல்லாகத்தான் வந்தது. எக்ஸிடர் பேராலயத்தில் காக்கப்பட்டுவரும் பழைய ஆங்கிலச் சுவடி ஒன்றின் சமயப் பாடலில் ‘எயாரெண்டெல்’ என்று ஒரு சொல் வருகிறது. அந்த மொழியின் மற்றச் சொற்களோடு பொருந்தியும், அவற்றைவிட இனிமையாகவும் ஒலித்த அந்தச் சொல் மாணவரான டோல்கீனைப் பிடித்துக்கொண்டது. விடிவெள்ளியைத்தான் அது குறிக்கிறது என்று அவர் கொண்டார். 1914 செப்டம்பரில், நாட்டிங்ஹாம்ஷயரில் சித்தியின் பண்ணையில் தங்கியிருந்தபோது, வானத்தில் கப்பல் செலுத்தும் மாலுமியாக அதை வைத்து ஒரு கவிதை எழுதினார். இது எதைப் பற்றியது என்று நண்பர் ஜி.பி. ஸ்மித் கேட்டதற்கு, தெரியாது, கண்டுபிடிக்கப் பார்க்கிறேன் என்று பதில் சொன்னார். அந்தத் தேடல் அவர் வாழ்நாள் முழுவதும் நீண்டது. அவர் இறந்து நான்கு ஆண்டுகள் கழித்து, 1977-இல்தான் ‘தி சில்மரில்லியன்’ அச்சேறியது.

அந்த நூலில் எயாரெண்டில் பாதி மனிதன், பாதி எல்ஃப் என்ற கற்பனை இனத்தவன். சில்மரில் என்னும் மணியை நெற்றியில் கட்டிக்கொண்டு விங்கிலோட் என்ற கப்பலில் வானத்தில் போகிறான். அந்த ஒளி முதன்முறை எழும்போது யார் யார் பார்க்கிறார்கள் என்பதை டோல்கீன் கவனமாகச் சொல்கிறார். போரில் நொந்த மக்கள் அதை ‘உயர்ந்த நம்பிக்கையின் நட்சத்திரம்’ என்கிறார்கள். அந்த மணியை மீட்போம் என்று சத்தியம் செய்து, அதற்காகச் சொந்த இனத்தையே வெட்டிய மைத்ரோஸ், மாக்லோர் என்ற சகோதரர்களுக்கு, இனி கைக்கு எட்டாத தங்கள் குடும்பச் சொத்து அது. எதிரியான மோர்காத்தின் மனதில் அது சந்தேகத்தை விதைக்கிறது. பிறகு, போர் முடிந்து கடலில் இறங்கிய மனிதர்களுக்கு மேற்கே வழிகாட்டுகிறது. நட்சத்திரத்தை நோக்கி என்று பொருள்படும் எலென்னா என்பது அவர்கள் சேர்ந்த நூமெனோர் தீவின் இன்னொரு பெயர். பல தலைமுறைக்குப் பிறகு, அதே தீவின் அரசர்கள் அந்தப் பெயர் பிறந்த எல்ஃப் மொழியையே தடை செய்தார்கள்.

இவற்றைவிட நுட்பமான இடம் ‘தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ நாவலின் ரிவெண்டெல் அத்தியாயம். ரிவெண்டெல் என்பது எல்ராண்ட் என்பவரின் வீடு. அங்கே கிழவர் பில்போ, எயாரெண்டில் பற்றித் தானே கட்டிய நீண்ட பாட்டைச் சபையில் பாடுகிறார். எல்ராண்டின் வீட்டிலேயே எயாரெண்டிலைப் பாடத் துணிந்தால் அது உங்கள் பாடு என்று நண்பர் அரகோர்ன் அவரிடம் முன்பே சொல்லியிருக்கிறார். அந்த எச்சரிக்கையின் கனம் உடனே தெரியாது. எல்ராண்ட் எயாரெண்டிலின் மகன். ஊருக்கெல்லாம் புராணமாகிவிட்ட ஒளி, அந்த வீட்டுக்காரருக்குத் திரும்பி வராத தகப்பன். வானத்தையும் ஒரு வீட்டுக் கூடத்தையும் இப்படி ஒரே முடிச்சில் கட்டிய இன்னொரு இடம் கற்பனை இலக்கியத்தில் அரிது என்றே சொல்வேன்.

இது வெறும் வெள்ளிக் கிரகம்தானே, இதில் கற்பனை எங்கே என்று கேட்கலாம். கேள்வி நியாயமானது. எயாரெண்டில் பெரும்பாலும் விடியலிலும் அந்தியிலும்தான் கண்ணில் படுகிறான், வெள்ளியும் அப்படித்தான். ஆனால் வானத்தை மாற்றாமல், அதற்கான காரணத்தை மட்டும் மாற்றியதில்தான் டோல்கீனின் திறமை இருக்கிறது. விடிவெள்ளி தெரியும் நாளில் படிக்கிறவர் அதிகாலையில் கிழக்கே பார்த்தால் கதை அங்கே இருக்கும். புதிதாக ஏழு சூரியன்களைப் படைத்திருந்தால் அது கிடைத்திருக்காது.

நம்பிக்கை நட்சத்திரம் என்பது மலிவான சரக்கு, நல்லவர்களுக்கு ஆபத்து வரும்போதெல்லாம் மினுக்கும் விளக்கு என்பது இன்னொரு குறை. ‘தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ நாவலில் எல்ஃப் சீமாட்டி கலாட்ரியல் அந்த ஒளியைக் குப்பியில் அடைத்து நாயகன் ஃபிரோடோவுக்குத் தருவதை மட்டும் பார்த்தால் அப்படித் தோன்றும். ஆனால் அந்த ஒளிக்குப் பின்னால் இருக்கும் கணக்கு பெரியது. அந்த மணிக்காகச் சிரியோன் துறைமுகத்தில் கொலை விழுந்தது, எயாரெண்டிலின் இரட்டைப் பிள்ளைகள் பிடிபட்டார்கள், அவனும் மனிதர் நடுவே திரும்பி வாழ முடியாமல் போயிற்று. அது வழிகாட்டிய நூமெனோரும் கடைசியில் கடலுக்குள் போனது; நட்சத்திரம் தடுக்கவில்லை. இவ்வளவு இழப்பைச் சுமந்த நம்பிக்கையை மலிவு என்று எப்படிச் சொல்வது?

மோர்டோர் என்ற பாழ்நிலத்தில் தோட்டக்காரன் சாம் பார்க்கும் ஒளியையும் இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். தண்ணீர் குறைவு, முதலாளி ஃபிரோடோ முட்புதருக்குள் தூங்குகிறார், சாம் மட்டும் விழித்திருக்கிறான். மேற்கே மலைக்கு மேல் மேகம் கிழிந்த இடத்தில் ஒரு வெள்ளை நட்சத்திரம் சற்று நேரம் மின்னுகிறது. அதற்கு டோல்கீன் அங்கே பெயர் சொல்லவில்லை. அது எயாரெண்டில்தானா என்று வாசகர்கள் வாதிடலாம். ஆனால் அதற்குச் சில நாள் முன்பு, மலைப்படிகளில் உட்கார்ந்து, ஃபிரோடோவின் குப்பியில் இருப்பது அதே பழங்கதையின் ஒளி, நாமும் அதே கதைக்குள்தான் இருக்கிறோம் என்று வியந்தவன் இந்தச் சாம்தான். அதனால் இங்கே அவனுக்கு யாரும் எதையும் விளக்க வேண்டியிருக்கவில்லை. இந்த நிழலுக்கு எட்டாத உயரத்தில் ஒளியும் அழகும் என்றைக்கும் இருக்கும் என்பது அவனுக்குப் புரிகிறது. தன் கதி, முதலாளியின் கதி என்ற கவலைகூட அந்த நேரத்துக்கு விலகுகிறது. முள்ளுக்குள் திரும்ப ஊர்ந்துபோய், ஃபிரோடோவின் பக்கத்தில் படுத்து, பயமில்லாமல் அயர்ந்து தூங்கிவிடுகிறான்.