கோடைக்கேற்ற குளிர் நூடில்ஸ் சலாது

வெப்பமும் புழுக்கமும் மிகுந்த நாள்களிற் பசி மந்தமடைவது யாவரும் அறிந்ததே. யப்பானில் யூலை, ஓகஸ்ட் மாதங்களில் இந்நிலை கடுமையாக இருக்கும். அக்காலத்து உண்டாகும் சோர்வுக்கும் உணவில் வெறுப்புக்கும் 'நட்சுபதே' என்னும் தனிப்பெயரே அந்நாட்டு மொழியில் வழங்குகின்றது. அத்தகைய நாள்களில் அங்குள்ளோர் விரும்பி உண்ணும் உணவுகளுள் ஒன்று 'ஹியாஷி சூக்கா'. குளிரவைத்த சீன முறை உணவு என்பது இதன் பொருள். கோடையிற் சூடான நூடில்ஸ் விலைபோகாமை கண்டு, செண்டாய் நகரத்து உணவுக்கடையொன்றில் 1937 ஆம் ஆண்டில் இது ஆக்கப்பட்டதென்பர்.

நூடில்ஸ் தனியே உண்ணப்படின் மாப்பொருளே மிகுதியாகக் கிடைக்கும். இவ்வுணவிலோ முட்டை, இறைச்சி, மரக்கறி ஆகியனவும் ஒரே தட்டிற் சேர்வதால், குறைவாக உண்பவரும் வேண்டிய போசணையைப் பெறுவர்.

வேண்டிய பொருள்கள் (நால்வருக்கு)

உலர்ந்த கோதுமை நூடில்ஸ் 350 கிராம், முட்டை 3, அவித்த கோழியிறைச்சி 150 கிராம், வெள்ளரிப்பிஞ்சு 1, கரட் 1, தக்காளி 2, முளைவிட்ட பயறு ஒரு பிடி, வறுத்த எள் 2 மேசைக்கரண்டி.

குழம்புக்கு: சோயா சோஸ் 6 மேசைக்கரண்டி, வினாகிரி 5 மேசைக்கரண்டி, சீனி 3 மேசைக்கரண்டி, நீர் 6 மேசைக்கரண்டி, நல்லெண்ணெய் 1 மேசைக்கரண்டி, இஞ்சிச்சாறு 1 தேக்கரண்டி.

செய்முறை

முதலிற் குழம்பை ஆக்குதல் வேண்டும். சோயா சோஸ், நீர், சீனி ஆகியவற்றைச் சீனி கரையும்வரை சூடாக்கி இறக்கி, ஆறியபின் வினாகிரி, இஞ்சிச்சாறு, எண்ணெய் என்பவற்றைக் கலந்து குளிரவைக்க. யப்பானியர் வறுத்த எள்ளிலிருந்து எடுத்த எண்ணெயையே சேர்ப்பர். அந்த மணம் சாதாரண நல்லெண்ணெயில் இராதாகையால், வறுத்த எள்ளிற் பாதியை இடித்துக் குழம்பிற் சேர்த்தல் நன்று.

முட்டையை அடித்து, மெல்லிய தோசைபோல் ஊற்றி, இருபுறமும் நன்கு வேகவைத்து, நூல்போல் அரிக. முளைப்பயற்றைக் கொதிநீரில் நன்கு வேகவைத்து வடிக்க. மரக்கறிகளைக் கழுவி, தக்காளியைத் துண்டுகளாகவும் ஏனையவற்றை மெல்லிய கீலங்களாகவும் வெட்டுக. இறைச்சியைப் பிய்த்து வைக்க.

நூடில்ஸைக் கொதிக்கும் நீரில் இட்டு அவிக்க. குளிர்ந்தபின் அது இறுகும் தன்மையுடையது. ஆதலாற் சூடாக உண்பதற்கு அவிப்பதிலும் சிறிது கூடுதலாக வேகவைத்தல் வேண்டும். வடித்தவுடன் குளிர்ந்த நீரிலிட்டுக் கையாற் பிசைந்து அலசுக. இதுவே இவ்வுணவின் உயிர்நிலை. மேலே படிந்துள்ள மாப்பசை நீங்காவிடின் இழைகள் ஒட்டிக் கட்டியாகிவிடும். பின்னர் பனிக்கட்டியிட்ட நீரில் அமிழ்த்தி, நீரை முற்றாக வடித்துவிடுக. நீர் தங்கினாற் குழம்பின் சுவை கெடும்.

நூடில்ஸைத் தட்டில் இட்டு, நடுவிலிருந்து விளிம்பு நோக்கி மரக்கறி, முட்டை, இறைச்சி ஆகியவற்றை வரிசையாக அடுக்கி, எஞ்சிய எள்ளைத் தூவுக. உண்ணும் வேளையிலேயே குழம்பை ஊற்றுதல் வேண்டும்.

கவனிக்க வேண்டியவை

அவித்தபின் மீண்டும் சூடாக்கப்படாத உணவு இது. எனவே அலசும் நீரிற் கிருமியிருப்பின் அது நேரே வயிற்றை அடையும். கொதிக்கவைத்து ஆற்றிய நீரையே அலசுவதற்கும் பனிக்கட்டி ஆக்குவதற்கும் பயன்படுத்துக. கைகளைச் சவர்க்காரமிட்டுக் கழுவுதலும், பச்சை இறைச்சி வெட்டிய கத்தியையும் பலகையையும் மரக்கறிக்குப் பயன்படுத்தாமையும் இன்றியமையாதன.

ஆக்கிய உணவை இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெளியில் வைத்தல் ஆகாது. வெப்பம் மிகுந்த நாளில் ஒரு மணி நேரமே எல்லை. உடனே உண்ணாவிடிற் குளிர்சாதனப் பெட்டியில் மூடி வைத்து அன்றே உண்க. சிறுவர்க்கும் முதியோர்க்கும் கொடுக்கும்போது இவ்விதிகளிற் சிறிதும் தளர்வு கூடாது. தூய நீரும் தூய கையும் அமையுமாயின், பசியற்ற கோடைப் பகலிலும் குடும்பத்தார் விரும்பி உண்ணும் நல்லுணவாக இது விளங்கும்.