அடிபட்டவருக்குச் சீட்டுதான் சாட்சி

எங்கள் வகுப்புக்கு ஒரு கொத்தனார் அண்ணன் வருகிறார். செகந்திராபாத்தில் வேலை. சில வருடங்களுக்கு முன் அவர் மீது லாரி மோதியது. இடது கால் எலும்பு முறிந்தது. மூன்று மாதம் படுக்கை. பிறகு எழுந்து நடந்தார். ஆனால் சாரம் ஏற முடியவில்லை.

“நஷ்டஈடு கிடைத்ததா அண்ணா?” என்று கேட்டேன்.

“கொஞ்சம்தான் தம்பி. ஆஸ்பத்திரிச் சீட்டை எல்லாம் அடுப்பில் போட்டுவிட்டேன். படிக்கத் தெரியாதவனுக்குக் காகிதம் எதற்கு என்று நினைத்தேன்” என்றார்.

இப்போது அவருக்குப் படிக்கத் தெரியும். உங்களுக்கும் தெரியும். ஆகவே இதைத் தெரிந்துகொள்வோம்.

எங்கே கேட்பது?

வண்டி மோதி அடிபட்டவர் நஷ்டஈடு கேட்கலாம். 1988ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் இதற்கு வழி செய்கிறது. இதை விசாரிக்கத் தனித் தீர்ப்பாயம் உண்டு. விபத்து நடந்த ஊரில் மனுக் கொடுக்கலாம். நாம் குடியிருக்கும் ஊரிலும் கொடுக்கலாம். ஐதராபாத்தில் அடிபட்டவர் சேலத்தில் குடியிருந்தால், சேலத்திலேயே மனுக் கொடுக்கலாம். விபத்து நடந்த ஆறு மாதத்துக்குள் கொடுக்க வேண்டும். இந்த விதி 2022 ஏப்ரல் 1 முதல் நடப்பில் உள்ளது.

எதற்கெல்லாம் பணம்?

வைத்தியச் செலவு, வேலைக்குப் போகாத நாட்களின் கூலி, பட்ட வலி, இனிமேல் குறையப்போகும் வருமானம். இவற்றுக்கெல்லாம் கேட்கலாம். நிரந்தர ஊனம் ஏற்பட்டவருக்குக் கடைசியில் சொன்னதுதான் பெரும்பாலும் பெரிய தொகை.

காலுக்கு ஒரு கணக்கு, கூலிக்கு ஒரு கணக்கு

“இடது காலில் 45 சதவீதம் ஊனம்” என்று டாக்டர் எழுதுகிறார். அது காலுக்கான கணக்கு. வருமானத்துக்கான கணக்கு வேறு.

பாலாடைக்கட்டி விற்றுவந்த ஒருவரின் வழக்கில் 2010 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் இதை விளக்கியது. அவருக்குக் காலில் 45 சதவீதம் ஊனம். முழு உடம்புக்கு அதை 25 சதவீதம் என்று நீதிமன்றம் எடுத்துக்கொண்டது. வருமான இழப்பு 20 சதவீதம் என்றது.

அதே தீர்ப்பில் ஓர் உதாரணம் உண்டு. இடது கையை இழந்தவர் தச்சர் என்றால் பிழைப்பே போய்விடும். அரசாங்கக் குமாஸ்தா என்றால் வேலை போகாமல் இருக்கலாம். காயம் ஒன்றுதான். நஷ்டம் ஒன்றல்ல.

கணக்குப் போட்டுப் பார்ப்போம். வயது 38. மாத வருமானம் 10,000 ரூபாய். வருடத்துக்கு 1,20,000. வருமான இழப்பு 20 சதவீதம் என்றால் 24,000. 36 முதல் 40 வயது வரை 15 ஆல் பெருக்க வேண்டும். வருவது 3,60,000 ரூபாய். இழப்பு 60 சதவீதம் என்று நிரூபித்தால் 10,80,000 ரூபாய். எவ்வளவு வித்தியாசம் பாருங்கள்!

எப்படி நிரூபிப்பது?

ஆஸ்பத்திரிக்குப் போனவுடன் “வண்டி மோதியது” என்று நடந்ததைச் சொல்லுங்கள். சிலர் பயந்து “தடுக்கி விழுந்தேன்” என்கிறார்கள். அதுவே ஏட்டில் பதிவாகிவிடும். பிறகு மாற்றுவது கடினம்.

போலீசில் புகார் கொடுத்து, முதல் தகவல் அறிக்கையின் நகலை வாங்குங்கள்.

ஓ.பி. சீட்டு, எக்ஸ்ரே, டிஸ்சார்ஜ் சீட்டு, மருந்துக் கடை ரசீது எதையும் எறியாதீர்கள்.

ஊனச் சான்றிதழை நீட்டினால் மட்டும் போதாது. டாக்டர் வந்து சாட்சி சொல்ல வேண்டும் என்கிறது அதே தீர்ப்பு. வைத்தியம் பார்த்த டாக்டரே வந்தால் நல்லது.

டாக்டர் உடம்பைப் பற்றித்தான் சொல்வார். நீங்கள் செய்த வேலையையும் வாங்கிய கூலியையும் நீங்கள்தான் காட்ட வேண்டும். மேஸ்திரியைச் சாட்சிக்கு அழைக்கலாம்.

வெற்றுத் தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். படித்துப் பார்த்துப் போடுங்கள். வக்கீலுக்குப் பணம் இல்லையா? மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். பெண்களுக்கும், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினருக்கும், ஊனமுற்றோருக்கும் அங்கே இலவச உதவி உண்டு.

கொத்தனார் அண்ணன் வீட்டுச் சுவரில் இப்போது ஒரு மஞ்சள் பை தொங்குகிறது. வீட்டில் யார் ஆஸ்பத்திரிக்குப் போனாலும் சீட்டு அதில் போய்விடும். அதன் மேல் தேதியை அவரே எழுதுகிறார்.

உங்கள் வீட்டில் அப்படி ஒரு பை இருக்கிறதா?